துளசியைத் தொடமாட்டேன்

மண்டி மொஹல்லா, மைசூர்
ஐப்பசி, 1956

சிரஞ்சீவி தம்பிக்கு,

கோர்ட்டில் நீ என் முகத்தைப் பார்க்காமலே பேசினாய். மகாராஜா நம் வம்சத்துக்கு வரியில்லாமல் தந்த இனாம் நிலத்தை அப்பா எனக்கே கொடுத்தார் என்று, மேல்கோட்டைப் பெருமாள் சன்னதியில் நான் துளசி தொட்டுச் சத்தியம் செய்தால் வழக்கை விட்டுவிடுவதாகச் சொன்னாய்.

என் வக்கீலுக்கு ஒரே சந்தோஷம். "நாளைக்கே பண்ணிடுங்கோம்மா, நிலம் உங்களுது" என்றார்.

நிலம் எனக்கென்று அப்பா சொன்னபோது நீயும் பக்கத்தில்தான் இருந்தாய். ஆனால் சத்தியம் வரை போன இரண்டு வீடுகள் அதன்பின் ஒன்றிலொன்று தண்ணீர்கூடக் குடிப்பதில்லை. சித்தப்பா செத்துக் கிடந்தபோது, அவரைச் சத்தியம் செய்யவைத்த அத்தை வாசலோடு திரும்பிப் போனது உனக்கு மறந்திருக்காது.

நான் துளசியைத் தொடமாட்டேன். இனாம் ஒழிந்த பிறகு சர்க்கார் தரும் பட்டா உன் பேரிலேயே வரட்டும். எனக்குக் கோபம் தீரவில்லை. தீரும் என்றும் தோன்றவில்லை.

தை மாதம் என் பெண் பத்மாஸினிக்குக் கல்யாணம். மாலை மாற்றும்போது அவளைத் தோளில் தூக்க மாமா வேண்டும். அவளுக்கு இருப்பது ஒரே மாமா.

முந்தின நாளே வந்து எங்கள் வீட்டில் சாப்பிடு.

உன் அக்கா