நீலம் போட்ட துணி

ஆகஸ்ட் 17, ஞாயிறு. இரவு.

இன்று காலை ஆஸ்பத்திரியில் என் கணவருக்குக் கண்புரை ஒப்பரேஷன் செய்த கண்ணில் இருந்த கட்டை அவிழ்த்தார்கள். கண்புரை வந்தால் வெள்ளையும் மஞ்சளாகத்தான் தெரியும் என்று அங்கே மருந்து போட்ட மிஸி சொன்னார். இவர் காதில் வாங்கவில்லை. வீட்டுக்கு வந்ததும் நேரே துணிக்கு முன்னால் போய் அமர்ந்தார்.

நிறவழிக்காரர் எல்லோரும் இப்படித்தான். சுவரில் வெள்ளைத் துணியைத் தொங்கவிட்டு, அதில் வெளிச்சம் படுவதைப் பார்த்துக்கொண்டே இருப்பார்கள். மனம் பக்குவப்படப் படத் துணியின் நிறம் மாறுமாம். மஞ்சள் என்றால் பொறுமை. கடைசி நிறம் நீலம். இவர் ஆறு வருடமாக மஞ்சளிலேயே நின்றார்.

"புள்ள, இஞ்ச ஓடி வா! நீலமாத் தெரியிது!"

சொல்லிவிட்டு அழுதார். கல்முனைக்குடி நிறவழிக் கூட்டாளிகளுக்கெல்லாம் போன் எடுத்தார். வெள்ளிக்கிழமை இவரைத் தலைவராக்கப் போகிறார்களாம்.

"உனக்கும் தெரியிதா புள்ள?"

"ஓம் மச்சான்" என்றேன்.

எனக்குத் தெரிந்தது மஞ்சள். இரண்டு வருடமாக அப்படித்தான். பெண்களிடம் யாரும் நிறம் கேட்பதில்லை. ஊத்தை போகவில்லை என்று நினைத்து, கிழமைக்குக் கிழமை கழுவும்போது சலவை நீலத்தைக் கூட்டிக் கூட்டிப் போட்டேன். போன கிழமை மூன்று மூடி.

சிரிப்பும் வரவில்லை, அழுகையும் வரவில்லை. சோறு போட்டேன். சாரனை மடித்து வைத்தேன்.

வெள்ளிக்கிழமைக்குத் துணியைக் கழுவித் தரச் சொல்லியிருக்கிறார். நீலம் போடத்தான் வேண்டும். எத்தனை மூடி என்றுதான் தெரியவில்லை. எவ்வளவு போட்டாலும் என் கண்ணுக்கு அது மஞ்சள்.