போண்டாவின் பின்னங்கால்

நவ. 12, செவ்வாய்

மன்னிச்சுக்கோ பாப்பா, இந்த நேரத்தில் விளக்கைப் போட்டதற்கு. உன் கண்ணில் படாமல் திரும்பித்தான் உட்கார்ந்திருக்கிறேன். பகலில் எழுத விடுகிறாயா நீ?

காலையிலிருந்து தூறல். துணி காயவில்லை. நம் நாய் போண்டா இன்றும் வலது பின்னங்காலைத் தரையில் வைக்கவில்லை. ஞாயிறன்று வீடு துடைத்த ஈரத்தில், காலிங் பெல் சத்தத்துக்கு ஓடி வழுக்கினான். துடைத்தது நான்.

கீழே இஸ்திரி போடும் பாபு அண்ணன்: "நாய்க்கு இன்னாத்துக்கும்மா ஆஸ்பத்திரி? அம்பத்தூராண்ட கட்டு போடுறவரு ஒருத்தர் கீறாரு. என் தோள்பட்டயே அவர்தான் ஒக்கார வெச்சாரு."

போனேன். எம்.எஸ்ஸி. படித்தவள்! "நாய்க்கெல்லாம் போடுறதில்லம்மா" என்றார் கட்டுக்காரர். நான்தான் கெஞ்சினேன். பச்சிலை, முட்டை வெள்ளை, மூங்கில் பட்டை, துணி. மூன்று நாள் பிரிக்கக் கூடாதாம்.

ச.விடம் சொல்லவில்லை. கப்பலில் இருக்கும் கணவரைப் பதற வைத்து என்ன ஆகப்போகிறது.

நவ. 14, வியாழன்

மழை இல்லை. வாங்க வேண்டியது: பால் 2, டயப்பர், தோசை மாவு.

போண்டாவின் பாதம் வீங்கிப் பன் மாதிரி. சாப்பாட்டைத் தொடவில்லை. பாப்பா பக்கத்தில் போனதும் உறுமினான். பாப்பாவைப் பார்த்து! அவள் தொட்டிலுக்குக் கீழேயே படுத்துக் கிடந்தவன். அவளைத் தூக்கிக்கொண்டு அறைக்குள் போய்க் கதவைச் சாத்தினேன். அந்தப் பக்கம் வாலால் தரையைத் தட்டும் சத்தம்.

ஆட்டோ பிடித்து ஆவடி கால்நடை ஆஸ்பத்திரி. டாக்டரம்மா கத்தரியால் கட்டை வெட்டினார். உள்ளே தோலெல்லாம் புண்.

"யாரு கட்டினது?"

"வீட்லயே... நான்தான்." பொய்.

"எலும்பு உடைஞ்சிருந்தா கட்டலாம். இது முட்டி ஜவ்வு அறுந்திருக்கு. மிதிக்கிறப்பல்லாம் எலும்பு முன்னால நழுவுது. கை வெச்சுப் பாருங்க."

வைத்தேன். நழுவியது. இன்னும் விரலிலேயே இருக்கிறது அது.

சின்ன நாயாக இருந்தால் ஓய்விலேயே விட்டுப் பார்க்கலாமாம். இவன் 34 கிலோ. ஆபரேஷன்தான் நல்லது என்கிறார். விட்டால் பாரம் தாங்கித் தாங்கி அடுத்த காலும் போகலாம். ஆனால் முதலில் புண் ஆற வேண்டும். அது என் உபயம்.

நவ. 22, வெள்ளி

மறுபடி மழை. புண் ஆறிவிட்டது. சர்ஜன் சனிக்கிழமைதான் வருவார். நாளை.

பயங்கள், வரிசை இல்லாமல்: மயக்க ஊசி. எட்டு வயது. இதயம் "பரவால்ல" என்றார் டாக்டரம்மா, நல்லா இருக்கு என்று சொல்லவில்லை. இரண்டு மாடி, லிஃப்ட் இல்லை. எட்டு வாரம் குதிக்கக் கூடாது, இதைப் பாப்பாவுக்கு யார் புரியவைப்பது. கண் விழிக்காவிட்டால்.

பாபு அண்ணன் முகத்தை நிமிர்த்தவே இல்லை. "என் வாய வெச்சிகினு சும்மா இருந்திருக்கலாம். காலைல நானே தூக்கிகினு எறங்குறேன். நீ பயப்படாதம்மா."

ஆபரேஷன் சம்மதப் படிவம் மேசையில். 'மயக்கத்தில் உயிருக்கு ஆபத்து நேர்ந்தால்' என்ற வரியைத் தாண்ட முடியவில்லை. கீழே 'உரிமையாளர் கையொப்பம்'. காலி. கல்யாணத்துக்கு முன்பிருந்தே போண்டா ச.வின் நாய்.

ச.வுக்கு வாட்ஸ்அப்பில் அனுப்பிவிட்டேன். ஒரு டிக்தான் விழுந்திருக்கிறது, இன்னும் போய்ச் சேரவில்லை. அனுப்பியது அப்படியே:

"போண்டாவுக்கு முட்டி ஜவ்வு அறுந்துடுச்சு. டாக்டர்கிட்ட போகாம நான் கட்டு போடவெச்சு புண்ணாக்கிட்டேன். உங்ககிட்ட மறைச்சேன். திட்டுறதா இருந்தா அப்புறம் திட்டுங்க. நாளைக்கு ஆபரேஷன் பண்ணிடலாம்னு தோணுது. முழிக்கலன்னா என்ன பண்றதுன்னு தெரியல. காலைல ஒன்பது மணிக்குள்ள சொல்லணும். கையெழுத்து போடட்டுமா? சீக்கிரம் பதில் போடுங்க."