நிறுத்தாத கேமரா

மாமா,

அம்மா உங்கள் பொருள்களைப் பெட்டியில் அடுக்கும்போது, மைக்குக்குப் போடும் அந்த ரோம உறை என் கையில் கிடைத்தது. காற்றின் சத்தம் பதிவாகாமல் இருக்க மாட்டுவது. சின்ன வயதில் அதைப் பூனை என்று நினைத்துப் பால் வைத்தேனாம். முகர்ந்து பார்த்தேன். நீங்கள் ஷாம்பு போட்டு அலசியும் கெலவரப்பள்ளி அணையில் ஆலைக் கழிவால் பொங்கும் நுரையின் வாடை போகவில்லை.

நீங்கள் எங்கும் சினிமா படித்தவர் இல்லை. ஓசூரில் கம்பெனி ஷிஃப்ட் முடிந்ததும் கல்யாண வீடியோ எடுக்கப் போனீர்கள். ஒரு கல்யாணத்தில் தாலி கட்டும் நேரத்தில் நீங்கள் சமையல்காரரை எடுத்துக்கொண்டிருந்தீர்கள். பெண் வீட்டார் திட்டித் தீர்த்தார்களாம். "தாலி கட்டறத எல்லாரும் பாக்கறாங்க. சாம்பார் கொதிக்கறப்ப அந்த ஆள் மூஞ்சிய யாரு பாக்கறது?" என்று அம்மாவிடம் கேட்டீர்கள். "அதுக்கு அவங்க காசு குடுக்க மாட்டாங்கடா" என்றாள் அம்மா.

பிறகு கம்பெனியை விட்டீர்கள். தளியில் ரோஜா பறிக்கும் பெண்கள், ஜவளகிரியில் யானைக்குப் பயந்து ராகி போடுவதை விட்டவர்கள் என்று சின்னச் சின்னப் படங்கள் எடுத்தீர்கள். பேட்டி முடிந்து "அவ்ளோதாங்க" என்று சொன்ன பிறகும் கேமராவை நிறுத்த மாட்டீர்கள். அதற்குப் பிறகுதான் மனிதர்கள் பேசுவார்கள் என்பீர்கள்.

அணை நுரையைப் பற்றி எடுத்த படத்தில் அந்தப் பழக்கம் சிக்கலானது. அணைத் தண்ணீரில் கீரை போடும் அம்மா ஒருவர், "அவ்ளோதாங்க" என்று நீங்கள் சொன்ன பிறகு, எந்தக் கம்பெனியின் கழிவு மழை நேரத்தில் ஆற்றில் இறங்குகிறது என்று பெயரோடு சொல்லிவிட்டார். மறுநாள் காலையிலேயே பஸ் பிடித்து நம் வீட்டுக்கு வந்தார்.

"நிறுத்திட்டன்னு நெனச்சுத்தான் தம்பி பேசுனேன். எம் பையன் அங்கதான் வேலை செய்யறான். இன்னும் பர்மனென்ட் ஆகல."

"பேரை மட்டும் எடுத்துடறேங்க்கா."

"எங்குரல் அவங்களுக்குத் தெரியாதா?"

படத்தின் உயிரே அந்தப் பேச்சுதான் என்று முந்தைய நாள்தான் சொல்லியிருந்தீர்கள். கம்ப்யூட்டரில் அந்தத் துண்டைத் தேடி எடுத்தீர்கள். பிறகு அழித்தீர்கள். அவர் நம்பவில்லை. "பாப்பா, நீ படிக்கற புள்ள. போச்சா, பாத்துச் சொல்லு" என்றார். நான் எட்டிப் பார்த்தேன்.

"ரீசைக்கிள் பின்ல இருக்கு மாமா."

நீங்கள் என்னை முறைத்தீர்கள். அங்கிருந்தும் அழித்தீர்கள். வேறு பிரதி இல்லை. அவர் போன பிறகு, "வாய வெச்சுக்கிட்டு சும்மா இருக்க மாட்டியாடி?" என்றீர்கள். டீ குடித்துவிட்டு, "நல்லதாப் போச்சு. அது இருந்திருந்தா நான் போட்டிருப்பேன்" என்றீர்கள்.

பெங்களூரில் படத்தைத் திரையிட்டபோது ஒருவர் எழுந்து, ஏன் யாருமே கம்பெனியின் பெயரைச் சொல்லவில்லை என்று கேட்டார். "சொல்லலைங்க" என்று சொல்லி உட்கார்ந்துவிட்டீர்கள். பக்கத்தில் இருந்த நான் உங்கள் முகத்தைப் பார்க்கவில்லை.

போன வாரம் அந்தக் கீரைக்கார அம்மா மறுபடி வந்தார். உங்களுக்கு நெஞ்சுவலி வந்ததும், நீங்கள் போனதும் அவருக்குத் தெரியாது. நம் அம்மா சொன்னதும் அவர் வாசல்படியிலேயே உட்கார்ந்துவிட்டார்.

"பையன் இப்ப அத்திப்பள்ளிப் பக்கம் வேற வேலைக்குப் போயிட்டான். இப்ப எடுத்துக்கச் சொல்லலாம்னு வந்தேன்."

பிறகு என்னைப் பார்த்தார். "உனக்குக் கேமரா புடிக்கத் தெரியுமா பாப்பா?"

"போன்ல எடுப்பேன்."

"மூஞ்சி தெரியுமில்ல? அது போதும்."

ஞாயிற்றுக்கிழமை அம்மாவோடு அங்கே போகிறேன். ரோம உறையைப் பெட்டியில் வைக்கவில்லை; என் பள்ளிக்கூடப் பையில் இருக்கிறது. அவர் பேசி முடித்ததும் "அவ்ளோதாங்க" என்று சொல்வேன். உங்களைப் போலவே நானும் நிறுத்த மாட்டேன். ஆனால், நிறுத்தவில்லை என்று அவரிடம் சொல்லிவிடுவேன்.