சிவப்புப் பாண்டாவின் சின்னத் தாத்தா

என் அருமைத் தம்பி செல்லமுத்துவுக்கு,

உன் அக்கா ஒரு தவறை ஒப்புக்கொள்ளப் போகிறேன். இந்தத் தேயிலைத் தோட்டத்தில் யாரும் இதுவரை என் வாயால் கேட்டிராத சங்கதி. நீ போய் இரண்டு வருடம் ஆன பிறகுதானா என்று கோபப்படாதே.

நாம் இருவரும் சேர்ந்து எழுதி வாசிகசாலைச் சுவரில் மாட்டிய பலகை நினைவிருக்கிறதா? சிவப்புப் பாண்டாவின் வம்சம். அதன் குடும்பத்தில் உயிரோடு மிஞ்சியிருப்பது அது ஒன்றுதான், மற்றதெல்லாம் கல்லாகிப் போன எலும்பு என்று ஒரு பழைய அறிவியல் புத்தகத்தைப் படித்து நான் சொன்னேன். உடனே நீ கேட்டாய்: "பாவம்க்கா, நாளைக்கு அது செத்தா எலவு சொல்லக்கூட ஒரு வீடு இல்லையா?"

வேறு யாருக்கு அந்தக் கேள்வி வரும்? நம் லயத்து வரிசை வீடுகளில் ஒரு சாவு விழுந்தால் வட்டகொடை, கினிகத்தேனை, நோட்டன் பிரிட்ஜ் என்று சொந்தக்காரர்களின் வீடு வீடாகப் போய்ச் சொன்னவன் நீ. கையில் போன் வந்த பிறகும், நேரில் போய்ச் சொல்வதுதான் மரியாதை என்று பஸ் ஏறினாய். யாருக்கு யார் என்ன முறை என்பதில் உன்னிடம் யாரும் ஜெயித்ததில்லை.

பலகையின் உச்சியில் சிமோசயோனை வரைந்தோம். ஸ்பெயின் நாட்டு மண்ணில் எலும்பாகக் கிடைத்த பிராணி. நம் காட்டுச் சிறுத்தை அளவு உடம்பு, கறி தின்ற வாய். ஆனால் முன்னங்காலில் மணிக்கட்டு எலும்பு ஒன்று நீண்டு, இன்னொரு கட்டைவிரல் போல நிற்கும். சிவப்புப் பாண்டா மூங்கிலைப் பிடிப்பதும் அப்படிப்பட்ட விரலால்தான். மூங்கில் தின்னாததற்கு அந்த விரல் எதற்கு? கிளையைப் பற்றி ஏறத்தானாம். முப்பத்தெட்டு வருடம் கொழுந்து பறித்த எனக்கு விரலின் அருமையை யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

அதன் பக்கத்தில் 'தாத்தா' என்று எழுதத் தூரிகையை எடுத்தேன். நீ கையைப் பிடித்தாய்.

"அக்கா, நேர் தாத்தாவா, சின்னத் தாத்தாவா?"

"வெரல் ஒண்ணா இருக்குல்ல? பெறகென்ன?"

"சித்தப்பா மூக்கும் என் மூக்கும் ஒண்ணுதான். அதுக்காக அவரா என்னப் பெத்தாரு?"

"புத்தகம் படிச்சது நானா, நீயா?"

"புத்தகம் நீ படிச்ச. சொந்தம் நான் படிச்சேன். மகன் வீட்ட விட்டுட்டு தம்பி வீட்டுக்கு மொதல்ல எலவு சொல்லிப்பாரு, பாடையத் தூக்க விடமாட்டாங்க. முறைய மாத்தி எழுதாதக்கா."

நான் தாத்தா என்றே எழுதினேன். அந்தக் கோபத்தில் பலகையின் கீழே என் பெயரை மட்டும் போட்டேன். நீ மிச்சப் படங்களுக்கு வண்ணம் தீட்டி முடித்தாய். அடுத்த மழைக்காலத்தில் போய்ச் சேர்ந்தாய்.

பலகையைப் பார்த்துச் சிரித்தவர்களையெல்லாம் நான் சும்மா விடவில்லை. மலையில் எங்களை வேலை வாங்கிய கண்டாக்கு ஐயா, "கொழுந்து பறிச்ச ராக்காயிக்கு எலும்பப்பத்தி என்னா தெரியும்?" என்றார். "ஐயாவுக்குக் கொழுந்தப்பத்தியாவது தெரியுமாங்க?" என்று கேட்டேன். அதோடு அவர் அந்தப் பக்கம் வருவதைக் குறைத்துக்கொண்டார்.

போன மாதம் வந்தவள் சிரிக்கவில்லை. பள்ளிக்கூடத்துக்குப் புதிதாக வந்த விஞ்ஞான டீச்சர். நம் கீழ் லயத்துப் பிள்ளைதான். பலகை முன்னால் வெகுநேரம் நின்றுவிட்டுச் சொன்னாள்: "அம்மா, இவ்வளவும் எழுதுனது பெரிய விசயங்க. முறை மட்டுந்தான் சரியில்லீங்க. சிமோசயோன் நேர் தாத்தா இல்லீங்க. அது பக்கத்துக் கிளை. அந்தக் கிளை அப்படியே அத்துப் போச்சு."

இரண்டு நாள் அவளோடு சண்டை போட்டேன். மூன்றாம் நாள் அவள் ஆராய்ச்சிக் காகிதங்களோடு வந்து வரிவரியாகப் படித்துப் பொருள் சொன்னாள். அந்த விரல் இரண்டு கிளைக்கும் பொதுவான, இன்னும் பழைய ஒரு மூதாதையிடமிருந்து வந்திருக்க வேண்டுமாம். ஐரோப்பாவிலும் ஜப்பானிலும் அமெரிக்காவிலும் தடயம் விட்டுப்போன பாரைலூரஸ் இருக்கிறதே, நாம் அப்பா என்று எழுதியது, அதுவும் பெரியப்பா முறைதானாம்.

வெட்கம் கொஞ்ச நேரம்தான். பிறகு நெஞ்சு நிமிர்ந்தது. உலகத்துப் படிப்பாளிகள் எலும்பை அளந்து அளந்து கண்டதை, என் தம்பி சாவு வீட்டு முறையை வைத்துச் சந்தேகப்பட்டிருக்கிறான்! நாலாம் வகுப்போடு நின்ற என் தம்பி!

"இதத்தான் என் தம்பி அப்பவே கேட்டான்" என்றேன்.

"அப்படிங்களா? அவரு பேரு எங்கங்க பலகையில?" என்றாள் அந்தப் பிள்ளை.

அவள் குத்திக்காட்டக் கேட்கவில்லை. ஆனால், தம்பி, என் பெயர் ஒன்றுதானே அங்கே இருந்தது! நீ இருந்திருந்தால் எனக்காக ஏதாவது பொய் சொல்லியிருப்பாயோ?

மறுநாள் காலை பெயின்ட் டின்னோடு போய் ஸ்டூலில் ஏறினேன். வழியில் போன கண்டாக்கு ஐயா எட்டிப் பார்த்தார். "என்ன ராக்காயி, எழுதுனத நீயே அழிக்கிற?"

"தப்பா எழுதுனவதாங்க அழிக்கணும்."

'சின்னத் தாத்தா', 'பெரியப்பா' என்று திருத்தினேன். நேர் தாத்தாவுக்கு ஒரு வெறும் கட்டம் போட்டு வைத்திருக்கிறேன். அந்த எலும்பை இனிமேல்தான் அடையாளம் காண வேண்டுமாம். கீழே என் பெயருக்கு மேலே உன் பெயரை எழுதினேன். எழுத்து கொஞ்சம் கோணல், பொறுத்துக்கொள்.

இனி அந்தப் பலகை முன் யார் வந்து நின்றாலும், அவர்கள் கேட்காவிட்டாலும், தப்பாக எழுதியவள் நான், சரியாகக் கேட்டவன் என் தம்பி என்று சொல்லிவிட்டுத்தான் அனுப்புவேன். கண்டாக்கு ஐயா வந்து நின்றாலும் சொல்வேன்.

உன்னோடு கூடப்பிறந்ததில் கர்வம் கொண்ட
உன் அக்கா,
ராக்காயி