வார்த்தை தெரியாத பாட்டு

அண்ணை,

இன்று காலை ரூ பெர்தொனே தெருமுனையில் யாரோ வெங்காயத்தில் சுமாக் பொடி பிசைந்த புளிப்பு வாசம் அடித்தது. கால் தானாக நாம் சேர்ந்து வேலை செய்த உணவகத்தின் பக்கம் திரும்பிவிட்டது. உங்கள் அடுப்படியில் இப்போது வேறொருவர் நிற்கிறார். நல்ல மனிதர்தான், ஆனால் பாட மாட்டார்.

நீங்கள் குர்து இனத்தவர், நான் யாழ்ப்பாணத்தான். இடையில் இருவருக்கும் அரைகுறைப் பிரெஞ்சு. அதில் கதைத்ததைத்தான் இங்கே என் தமிழில் எழுதுகிறேன். 'தம்பி' என்ற ஒரு சொல்லை மட்டும் என்னிடமிருந்து பிடித்துக்கொண்டீர்கள். இறைச்சி வெட்டும் மேசையருகே காதைக் கையால் பொத்திக்கொண்டு நீங்கள் இழுத்துப் பாடினால், பாத்திரம் கழுவும் தண்ணீரை நான் நிறுத்திவிடுவேன். ஒருநாள் பொருள் கேட்டேன். 'வா, வந்து என்னைக் கூட்டிக்கொண்டு போ' என்று ஒரு பெண் கூப்பிடுகிறாளாம்.

"இவ்வளவு பெரிய மீசையை வைச்சுக்கொண்டு ஏன் பொம்பிளையாப் பாடுறியள்?" என்று சீண்டினேன்.

"எங்கடை காதல் பாட்டு கனக்க அப்பிடித்தான், தம்பி. கூப்பிட்டது அவள். போகாமல் விட்டது நான்."

ஊரில் நீங்கள் விரும்பியவளின் அண்ணனுக்கு ஒரு வீட்டில் பெண் எடுத்து, அந்த வீட்டுக்கே அவளைக் கொடுத்துவிட்டார்கள். மாற்றுச் சம்பந்தம் எங்கள் ஊரிலும் உண்டு, உடனே விளங்கியது. "கூட்டிக்கொண்டு ஓடியிருக்கலாமே அண்ணை?" என்றேன். அவள் ஓடினால் அண்ணன் மனைவியைத் தாய்வீட்டார் திருப்பி இழுத்துப்போவார்கள், அந்தப் பெண் அப்போது பிள்ளைத்தாச்சி என்றீர்கள். கோபப்படவும் ஆள் அகப்படாத கதை.

நீங்கள் கண் மூடிய பிறகு, ஊரிலிருந்து உங்கள் தங்கை வீடியோவில் கதைத்தார். பக்கத்தில் வெள்ளைச் சால்வையால் தலையை மூடிய ஒருவர். புருஷனை இழந்து பிறந்த ஊருக்கே திரும்பியிருக்கிறாராம். உங்கள் அவள்தான் என்று சொல்லாமலே தெரிந்தது. அவர் கேட்டதைத் தங்கையின் மகள் பிரெஞ்சில் சொன்னாள்.

"அவர் அங்கை பாடினவரோ?"

"ஓம், ஒவ்வொரு நாளும்."

"என்ன பாடினவர்?"

உங்கள் மொழியில் எனக்கு ஒரு சொல்லும் வராது. மெட்டை மட்டும் முனகினேன். என் தொண்டையின் இலட்சணம் உங்களுக்குத் தெரியும். அவர் சால்வையால் முகத்தை மூடிக்கொண்டார். பயந்து நிறுத்தினேன். நிறுத்த வேண்டாம் என்றாராம்.

இப்போது ஞாயிறுதோறும் அந்த மெட்டைக் கேட்க அவரிடமிருந்து போன் வருகிறது. ஆறுதல் சொல்கிறேனா, புண்ணைக் கிளறுகிறேனா, ஒன்றும் புரியவில்லை. வேண்டாம் என்று சொல்லவும் மனம் வரவில்லை. கிழமை முழுக்க அந்த மெட்டு மறந்துவிடக்கூடாதே என்று ரயிலிலும் முனகிக்கொண்டு திரிகிறேன்.

போன ஞாயிறு அவரே வார்த்தைகளோடு பாடினார். வா, வா என்று அவர் உங்களைக் கூப்பிட்டுக்கொண்டே இருக்க, நான் போனைப் பிடித்தபடி நின்றேன், அண்ணை.