இருவரும் ‘ஹரி’ சொன்னால்

என்றும் என் அன்புக்குரிய சம்மந்திக்கு,

நலம் விசாரிக்க வழியில்லை. ஆகவே நேரே விஷயத்துக்கு வருகிறேன். எதைச் சொன்னாலும் கரும்பலகையில் எழுதுவதுபோல வரிசை போட்டுத்தான் சொல்வேன் என்று என்னைக் கேலி செய்வீர்கள். இந்த வயதில் அதை மாற்ற முடியவில்லை. இந்தக் கடிதத்தில் வருபவை:

1. எந்தச் சீட்டை எப்போது போடலாம் என்ற விதி.
2. முதல் வாய்ப்பு யாருக்கு என்பதில் நாம் இருவரும் செய்துவந்த பிழை.
3. கையில் இருப்பதைப் போடாமல் காத்திருப்பதால் எதுவும் கெட்டுப்போவதில்லை என்பது.
4. உங்கள் வீட்டுச் செய்தி.

எனக்குப் பிறகு இதை யாராவது எடுத்துப் படிக்கக்கூடும் என்பதால் நாம் யார் என்று சொல்லிவிட வேண்டும். என் மகள் வசந்தியை உங்கள் மகன் ரவிக்குக் கட்டிக் கொடுத்தேன். நீங்கள் புளத்கொகுபிட்டியவுக்கு மேலே ஒரு தேயிலைத் தோட்டத்துத் தொழிற்சாலையில் டீமேக்கராக இருந்து ஓய்வு பெற்றவர். நான் ருவான்வெல்லையில் பள்ளிக்கூடத்தில் கணக்குப் படிப்பித்தவன். உங்கள் குரல் கொழுந்து அரைக்கும் ரோலர் சத்தத்துக்கு மேலே கேட்கும் என்பார்கள். என் குரல் வகுப்பில் முதல் வாங்கில் இருக்கும் பிள்ளைகள் வரைக்கும்தான் கேட்கும்.

பெண்ணைக் கொடுத்தவன் மாப்பிள்ளை வீட்டில் நினைத்தபோதெல்லாம் போய் உட்காருவதில்லை. நம் ஆட்களிடம் அது அழகில்லை. ஒரு விசேஷம், ஒரு சுகமில்லாமை, ஏதாவது காரணம் வேண்டும். ஆரம்பத்தில் ஒரு சீப்பு வாழைப்பழத்தோடு வருவேன். நாற்காலி நுனியில் இருப்பேன். மழையைப் பற்றிக் கேட்பீர்கள், நானும் மழையைப் பற்றிச் சொல்வேன். பிறகு பேச ஒன்றும் இருக்காது. வசந்தி கதவோரம் நின்று நம் இருவரையும் மாறி மாறிப் பார்ப்பாள். அவளோடு இன்னும் கொஞ்ச நேரம் இருக்க ஆசையாக இருக்கும். ஆனால் பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது என்று எழுந்துவிடுவேன்.

அந்தக் காரணத்தை நீங்கள்தான் எனக்குக் கொடுத்தீர்கள். மாப்பிள்ளை கொழும்பில் படித்த காலத்தில் வாங்கிய சீட்டுகள் ஒரு பிஸ்கட் டின்னில் கிடந்தன. நாலு பேர் கூடி விளையாடும் முந்நூற்றுநாலு அல்ல. இரண்டு பேர், ஆளுக்கொரு கட்டு. ஒவ்வொரு சீட்டிலும் பறவைநாகமோ மந்திரவாதியோ தீப்பிழம்போ இருக்கும்.

“மாஸ்டர், உள்ள ஒரு இங்கிலீஷ் நோட்டீஸ் இருக்கு. பொடி எழுத்து. வாசிச்சுச் சொல்லுங்க. மழையப் பத்தியே எம்புட்டு நேரம் பேசுறது?” என்றீர்கள்.

அன்று நான் கடைசி பஸ்ஸில்தான் வீடு திரும்பினேன். அதற்குப் பிறகு ஞாயிறுதோறும் வந்தேன்.

முதலாவதுக்கு வருகிறேன். மந்திரச் சீட்டு இரண்டு வகை. ஒன்றைத் தன் முறையில் மட்டும், அதுவும் மேசையில் வேறெந்தச் சீட்டும் முடிவுக்குக் காத்திராத நேரத்தில் மட்டும் போடலாம். இதற்குப் பொறுமைச் சீட்டு என்று பெயர் வைத்தீர்கள். மற்றதை எதிராளியின் முறையிலும் போடலாம். அவர் போட்ட சீட்டு பலிக்கும் முன்பு அதன் மேலேயே வைக்கலாம். அது அவசரச் சீட்டு. ஒன்றன்மேல் ஒன்றாக வைத்தால் கடைசியாக வைத்தது முதலில் பலிக்கும்.

போட்ட சீட்டு உடனே பலிப்பதில்லை. பதில் போட இருவருக்கும் வாய்ப்பு உண்டு. ஒன்றும் போட விருப்பமில்லை என்றால் ‘ஹரி’ என்போம். சிங்களத்தில் சரி என்பதற்குச் சொல்வது. இந்தப் பக்கத்தில் நமக்கும் அதுதான் முதலில் வாயில் வரும். இருவரும் அடுத்தடுத்து ‘ஹரி’ சொன்னால் மேலேயிருக்கும் சீட்டு பலித்துவிடும். பிறகு அதைத் தடுக்க முடியாது.

இந்த இடத்தில்தான் நான் எப்போதும் தோற்றேன். தடுக்கும் சீட்டு கையில் இருக்கும். இப்போது போடுவதா, இதைவிடப் பெரிதாக ஒன்று வந்தால் என்ன செய்வது என்று யோசிப்பேன். நீங்கள் முறைத்துப் பார்த்ததும் ‘ஹரி’ என்றுவிடுவேன். சொன்ன மறுநிமிடம் தவறு விளங்கும்.

“சம்மந்தி, இதப் போடலாமுன்னு இருந்தேங்க...”

“ஹரி சொன்னா ஹரிதான் மாஸ்டர். பஸ் போனதுக்குப் பொறகு கைய காட்டுறீங்களே!”

“இல்லங்க, கையிலதான் இருந்திச்சு.”

“கையில வச்சுக்கிட்டு என்னா, அடையா காத்தீங்க?”

உள்ளே சம்மந்தியம்மாவும் வசந்தியும் சிரிப்பது கேட்கும். தோற்றது எனக்குப் பெரிதாகத் தெரியாது. என் மகள் அந்த வீட்டில் சத்தமாகச் சிரிக்கிறாள் என்பதுதான் தெரியும்.

இரண்டாவது. யாருடைய முறை நடக்கிறதோ அவருக்குத்தான் முதல் வாய்ப்பு. நோட்டீஸில் தெளிவாகவே இருந்தது. வாசித்துச் சொன்னவனும் நான்தான். ஆனால் என் முறை வந்தாலும் சீட்டைத் தொடுவதற்கு முன் உங்கள் முகத்தைப் பார்ப்பேன். “நீங்க ஏதாச்சும் போடுறீங்களா?” என்று கேட்பேன். மாப்பிள்ளை வீட்டாரை முந்திக்கொண்டு எதையும் செய்து எனக்குப் பழக்கமில்லை. பந்தியில் நீங்கள் கை வைத்த பிறகு கை வைப்பவன், சீட்டில் மட்டும் எப்படி முந்துவது?

முதலில் நீங்கள் திட்டினீர்கள். “ஒங்க டேர்ன்ல என்னை என்னா கேக்குறீங்க? கலியாண வீடா இது?” பிறகு உங்களுக்கும் அது பழகிவிட்டது. என் முறையிலும் நீங்களே முதலில் போட்டீர்கள். ஒருநாள் மாப்பிள்ளை நின்று பார்த்துவிட்டு விழுந்து விழுந்து சிரித்தார். “அப்பா, ரெண்டு பேரும் தலகீழா வெளையாடுறீங்க. இப்பிடி ஒலகத்துல எவனும் வெளையாட மாட்டான்.”

“டேய், இது மாப்பிள்ள வீட்டு ரூல். ஒனக்கு என்னா தெரியும்? போயி தேத்தண்ணி கொண்டா” என்றீர்கள்.

பிழை என்று தெரிந்த பிறகும் நாம் அப்படியே விளையாடினோம். திருத்தியிருக்க வேண்டும் என்று இப்போது தோன்றுகிறது. உங்களுக்கு அப்படித் தோன்றியதுண்டா?

மூன்றாவதை எழுதக் கொஞ்சம் தயக்கமாக இருக்கிறது. உங்கள் கருமாதிக்கு வந்தேன். அதற்குப் பிறகு உங்கள் வீட்டுக்கு நான் போகவில்லை.

காலையில் முகம் கழுவப் போன இடத்தில் விழுந்தீர்கள் என்று மாப்பிள்ளை போனில் சொன்னார். நான் வந்து சேர்ந்தபோது முற்றத்தில் கொட்டகை போட்டுக்கொண்டிருந்தார்கள். காரியமெல்லாம் முடிந்து முதல் ஞாயிற்றுக்கிழமை, வழக்கம்போல வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு பஸ் நிறுத்தம் வரைக்கும் போனேன். எந்தக் காரணத்தைச் சொல்லிக்கொண்டு போவது? விளையாட ஆளில்லை. துக்க வீட்டில் ஒரு பொம்பிளையும் அவர் மருமகளும் இருக்கிற இடத்தில், அழைப்பில்லாமல் போய் நாற்காலியில் உட்காருவது சரியா? மாப்பிள்ளை ஞாயிற்றுக்கிழமையிலும் கேகாலையில் வேலைக்குப் போகிறவர். திரும்பி வந்துவிட்டேன்.

சம்மந்தியம்மா ஒரு வார்த்தை சொல்லி அனுப்பட்டும், அப்போது போகலாம் என்று இருந்தேன். வசந்தி போனில் பேசுவாள். “சாப்பிட்டீங்களாப்பா?” “சாப்பிட்டேன்மா.” “மழையா?” “மழைதான்.” அவளும் வாங்க என்று சொல்லவில்லை, நானும் வரட்டுமா என்று கேட்கவில்லை. மாமியார் சொல்லாமல் மருமகள் எப்படித் தன் அப்பாவை அழைப்பாள் என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன். இப்படியே மாதங்கள் போய்விட்டன. முழங்கால் வலி, மழை, மண்சரிவு என்று ஒவ்வொரு வாரமும் ஏதாவது ஒன்று கைகொடுத்தது. களைப்பாகவும் இருக்கிறது, சம்மந்தி. ஞாயிற்றுக்கிழமை முழுவதும் படுத்தே இருக்கிறேன்.

ஆனாலும் விதிப்படி பார்த்தால் இதில் நஷ்டமில்லை என்றே நினைத்தேன். வாய்ப்பு வரும்போது ஒருவர் ஒன்றும் போடாமல் இருந்தால் சீட்டு அவர் கையிலேயே இருக்கும். இன்னொரு வேளையில் போட்டுக்கொள்ளலாம். பொறுத்திருப்பவனுக்கு எதுவும் குறைவதில்லை.

இதுவரைக்கும் நேற்றுக் காலையில் எழுதி வைத்துவிட்டு, பிரஷர் மாத்திரை வாங்க பஸாருக்குப் போனேன். பஸ் நிறுத்தத்தில் சம்மந்தியம்மா நின்றார். ஆஸ்பத்திரியில் கண் காட்ட வந்தாராம். கூட வந்த வசந்தி மருந்து எடுக்கப் போயிருந்தாள். நான் குடையைத் தாழ்த்தினேன். மறைந்துகொள்ள நினைத்தேனோ என்னவோ. அதற்குள் பார்த்துவிட்டார்.

“மாஸ்டருங்களா? சொகமா இருக்கீங்களா?”

“இருக்கேங்க. கண்ணு எப்பிடி இருக்கு?”

“கண்ணு நல்லாத்தான் தெரியுது. ஆளுகளத்தான் காணோம்.”

“மழைங்க. பஸ்ஸும் ஒழுங்கா இல்ல” என்றேன்.

“எங்க பக்கத்துக்கு மட்டுந்தான் மழையாக்கும்.”

“அப்பிடி இல்லங்க. நீங்க ஒரு வார்த்த சொல்லிவுட்டிருந்தா...”

“நான் சொல்லணுங்களா? அவரு இருந்தப்ப யாரு சொல்லி வந்தீங்க?” குரலைத் தாழ்த்திக்கொண்டார். “தாலியறுத்தவ நானே போன் போட்டு, வாங்கன்னு ஒரு ஆம்பளையக் கூப்புட்டா லயத்து வீடுகள்ல என்னா பேசுவாங்க? ஒங்களுக்குத் தெரியாதா? மகளப் பாக்க அப்பன் வர்றதுக்கு யாரு என்னா சொல்லப் போறாங்க? நீங்களா வருவீங்கன்னுதான் இருந்தேன்.”

“வசந்தி ஒண்ணும் சொல்லல்லீங்களே.”

“அவ எங்க சொல்லுவா? ஒங்க புள்ளதானே. ஞாயித்துக்கெழமையானா வாசலப் பாத்துக்கிட்டே காய் நறுக்குவா. நானும் ஒரு சுண்டு அரிசி கூடவே போடுவேன். பொறகு ரெண்டு பேரும் ராத்திரிக்கு அதையே தின்போம்.” சேலைத் தலைப்பால் கண்ணைத் துடைத்தார், மருந்து விட்ட கண்தான். “போன மாசத்தோட அதயும் நிப்பாட்டிட்டேங்க. சோறு வீணாப் போகுது.”

வசந்தி ஓடி வந்தாள். பஸ்ஸும் வந்துவிட்டது. “அப்பா, மெலிஞ்சு போயிட்டீங்களே” என்றாள். அதற்கு மேல் பேச நேரமில்லை. ஜன்னல் வழியாகக் கையை அசைத்தாள். நானும் அசைத்தேன். நாலாவதாகச் சொல்ல வேண்டிய வீட்டுச் செய்தி இப்போது இதுதான், சம்மந்தி. வேறொன்று எழுத இருந்தேன், அதை விட்டுவிடுகிறேன்.

வீட்டுக்கு வந்து யோசித்துப் பார்த்தேன். நோட்டீஸில் அந்த விதிக்கு இன்னொரு வரியும் இருந்தது. அதையும் நான்தான் உங்களுக்கு வாசித்துச் சொன்னேன். மேசையில் எந்தச் சீட்டும் காத்திராதபோது இருவரும் அடுத்தடுத்து ‘ஹரி’ சொன்னால், ஆட்டத்தின் அந்தக் கட்டம் அத்தோடு முடிந்தது. கையில் எத்தனை சீட்டு வைத்திருந்தாலும் அந்தக் கட்டத்துக்குத் திரும்பிப் போக முடியாது. நான் பேசாமல் இருந்தேன். சம்மந்தியம்மாவும் பேசாமல் இருந்தார். நடுவில் என் பிள்ளை வாசலைப் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறாள்.

வருகிற ஞாயிற்றுக்கிழமை போவேன். யார் முகத்தையும் பார்த்துக் கேட்டுக்கொண்டு நிற்க மாட்டேன். எனக்காக அரிசி போட்டிருக்க மாட்டார்கள். பிளேன்டீ குடித்துவிட்டு, என் மகள் பக்கத்தில் கொஞ்ச நேரம் இருந்துவிட்டு வருவேன். அதற்கடுத்த ஞாயிறும் போவேன். மழை பெய்தாலும் போவேன். இது உங்களுக்கு நான் தரும் வாக்கு.

மூன்றாவதாக நான் எழுதியது பிழை, சம்மந்தி. மற்றவை சரியென்றுதான் நினைக்கிறேன்.

உங்கள் வீட்டுக்குப் பெண் கொடுத்த சம்மந்தி,
சிவலிங்கம் மாஸ்டர்
ருவான்வெல்லை