ஆம்ப்ரோஸ் சபையில் கொடுக்காத மனு

ஆல்டர்மூர்,
1817 ஆகஸ்ட் 30

அன்பு மகள் டார்கஸுக்கு,

நானும் உன் அம்மாவும் ஆண்டவர் கிருபையால் உடம்புக்கு ஒரு குறையும் இல்லாமல் இருக்கிறோம், ஹாலிஃபாக்ஸில் நீயும் மாப்பிள்ளையும் பிள்ளைகளும் பனிக்கு முன்னால் விறகு சேர்த்துக்கொண்டு நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். சின்னவனுக்கு இருமல் விடவில்லை என்று எழுதியிருந்தாய், மார்பில் கம்பளித்துணி சுற்றிவிடு, ஈரக் காலோடு படுக்க விடாதே.

உன் அண்ணன் ஆம்ப்ரோஸைப் பற்றி இதுவரை பெருமையாகவே எழுதி வந்தேன், இந்த முறை முடியவில்லை. சேணம் தைப்பவன் மகன் வக்கீல் குமாஸ்தாவாகி, நம் ஊர்ப் பிரபுவின் தங்கை மகளைக் கட்டி, அவர் கைகாட்டியதால் பாராளுமன்றம் போனதெல்லாம் உனக்குத் தெரியும். உப்பு வரியைக் குறைக்கச் சொல்லி அவன் பேசிய முதல் பேச்சைச் சத்திரத்தில் பத்திரிகை பார்த்து உரக்கப் படித்தார்கள், நான் முகத்தை மறைத்துக்கொண்டு அழுதேன். போன கிறிஸ்துமஸுக்கு அவன் வந்தபோது, நம் ஊர் மேய்ச்சல் வெளியைப் பிரபு வேலி போட்டு எடுத்துக்கொள்ளச் சட்டம் கொண்டுவரப் போகிறார் என்று ஊரெல்லாம் ஒரே பேச்சு. நான் வீடு வீடாகப் போய் எதிர்ப்பு மனுவில் அறுபத்து மூன்று பேரிடம் கையெழுத்து வாங்கினேன், பாதிப்பேர் எழுதத் தெரியாமல் சிலுவைக்குறி போட்டவர்கள். ஒற்றைப் பசுவை வைத்துப் பிழைக்கும் விதவை மெர்சி பெல் பயந்து தயங்கினாள், "என் பையன் கையிலதாம்மா கொடுக்கப் போறேன், உனக்கென்ன பயம்" என்று நான்தான் பேனாவைக் கையில் கொடுத்தேன். ஆம்ப்ரோஸ் அதை வாங்கிக் கோட்டுக்குள் வைத்துக்கொண்டு, "நானே எழுந்து நின்னு படிக்கிறேன்ப்பா" என்றான்.

ஏப்ரலில் சட்டம் நிறைவேறிவிட்டது. எதிர்ப்பு மனு ஒன்றும் வரவில்லை என்று பத்திரிகையில் போட்டிருந்தது. அச்சுக்காரன் தவறு செய்திருப்பான் என்று எல்லோரிடமும் சொல்லிக்கொண்டு லண்டன் போகும் குதிரைக் கோச்சில் ஏறினேன். அவன் என்னை உட்காரக்கூடச் சொல்லாமல் மேஜை இழுப்பறையைத் திறந்து மனுவை எடுத்தான், மடிப்புக் கலையவில்லை. "என் பார்லிமென்ட் சீட்டு பிரபு கொடுத்ததுப்பா. இதைக் கொடுத்திருந்தா நான் அன்னிக்கே வீட்டுக்கு வந்திருக்கணும்" என்றான். "வந்திருக்கலாமேடா" என்றேன். அவன் மனுவை என் பக்கம் தள்ளினான். திரும்பி வந்து மனுவை மெர்சியிடம் காட்டினேன், அவள் பசுவை அதற்குள் விற்றுவிட்டாள். "நான் அவனை நம்பலை ஜோசையா, உங்களைத்தான் நம்பினேன்" என்று சொல்லிவிட்டுக் கதவைச் சாத்தினாள். அன்றிலிருந்து என்னோடு பேசுவதில்லை, அது நியாயம்தான்.

ஜூனில் அவனுக்குக் கருவூலத்தில் ஒரு பதவி கிடைத்தது. பதவி வாங்கியவன் மறுபடி தேர்தலில் நிற்க வேண்டுமே, நின்றான். காகித ஆலைக்காரர் ஸ்டிரட்விக் எதிர்த்து நின்றார். ஓட்டை எல்லோர் முன்னும் வாயால் சொல்ல நான் மேடை ஏறியதும், அதைப் பதியும் குமாஸ்தா கேட்காமலே ஆம்ப்ரோஸ் பெயரை எழுதப் போனார். "ஸ்டிரட்விக்" என்றேன். "இன்னொரு தடவை சொல்லுங்க ஜோசையா" என்றார், எல்லோருக்கும் கேட்கும்படி இன்னொரு தடவை சொன்னேன். உன் அண்ணன் நாலடி தள்ளி நின்று தன் கையுறையையே பார்த்துக்கொண்டிருந்தான். ஆனாலும் அவன்தான் ஜெயித்தான், முப்பத்தொன்றுக்குப் பன்னிரண்டு.

பிரபுவின் வீடுகளில் குடியிருந்துகொண்டு எதிர்த்து ஓட்டுப் போட்ட நாலு குடும்பத்துக்கும் காலி செய்யச் சொல்லித் தாக்கீது வந்தது. நம் வீடும் அவருடையதுதான், ஆனால் நமக்கு மட்டும் வரவில்லை. ஏன் என்று புரியாமல் இருந்தபோது பிரபுவின் காரியஸ்தர் கில்பி வந்தார், நான் பட்டறையில் உட்கார்ந்திருக்கும்போதே என் தலைக்கு மேலாக உன் அம்மாவிடம், "பெரியவரைத் தனியா வெளிய விடாதீங்கம்மா" என்றார். ஏன் என்று அம்மா கேட்டாள். "உங்க பையன்தான் சொன்னாரே, ஒரு வருஷமா அப்பாவுக்குப் புத்தி தடுமாறுது, என்ன செய்றார்னு அவருக்கே தெரியலைன்னு. அதனாலதான் பிரபு பெரிய மனசு பண்ணி உங்களை விட்டுட்டார்." டார்கஸ், மனுவை மறைத்ததைக்கூட என்றாவது பொறுத்துக்கொண்டிருப்பேன். என் வீட்டைக் காப்பாற்றுவதாக நினைத்து என்னையே இல்லாதவனாக்கிவிட்டான். வாயை மூடிக்கொண்டிருந்தால் சாகும்வரை இந்த வீட்டில் இருக்கலாம். அம்மா என் நல்ல கோட்டை எடுத்துத் தட்டிக் கொடுத்து, "போய்ச் சொல்லிட்டு வாங்க" என்றாள்.

கில்பியின் அலுவலகத்தில் நின்றுகொண்டே, மனுவில் கையெழுத்துப் போட்ட அறுபத்து மூன்று பேரையும் தெரு வரிசையில் ஒவ்வொருவராகச் சொன்னேன். "எனக்குப் புத்தி நல்லாத்தான் இருக்கு, தெரிஞ்சுதான் ஓட்டுப் போட்டேன்" என்றேன். அவர் வருத்தத்தோடு, "இதை நான் பிரபுகிட்ட சொல்லியாகணுமே" என்றார். அதற்குத்தானே வந்தேன் என்றேன். மறுவாரம் தாக்கீது வந்தது.

செப்டம்பர் கடைசியில் வரும் மிக்கேல்மஸ் திருநாளுக்குள் ஸ்டிரட்விக்கின் ஆலைக்குப் பின்னால் உள்ள இரண்டு அறைக்குப் போகிறோம், கவலைப்படாதே, என் கை இன்னும் நன்றாகத் தைக்கிறது. உன் அம்மா இப்போதும் ஆம்ப்ரோஸுக்குக் காலுறை பின்னுகிறாள், நான் தடுக்கவில்லை. அவன் உனக்கும் எழுதுவான், பதில் போடு, கூடப்பிறந்தவன். ஆனால் என்னைப் பற்றி அவன் எழுதுவதை நம்பாதே. இனி கடிதத்தை ஆலைச் சந்து என்று மேல்விலாசம் போட்டு அனுப்பு, மறந்துவிடாதே. ஆண்டவர் உன்னையும் உன் பிள்ளைகளையும் தம் கைக்குள் வைத்துக் காக்கட்டும்.

புத்தித் தெளிவோடு எழுதும் உன் அப்பா,
ஜோசையா திரெல்ஃபால்